திஹோமிர் திரும்பக் கட்டிய பண்ணை

தபால் நிலையத்தின் பின்னறையில் எனக்கு எதிர் மேசை திஹோமிர் சூர்ச்சினுடையது. செர்பியாவில் எங்கள் ஊரான ஸ்ரெஞானினிலிருந்து வெளிநாட்டுக்குப் போகிற பார்சல்களெல்லாம் அவர் கைவழியாகத்தான் போகும். பெரும்பாலும் மிளகாய் விழுது ஜாடிகள், கம்பளிக் காலுறைகள், மகனுக்குப் பிடித்த ஏதோ ஒரு பிஸ்கட். யாராவது ஜாடியைச் சரியாகச் சுற்றாமல் கொண்டுவந்தால் திட்டமாட்டார். பழைய செய்தித்தாளை எடுத்து அவரே சுற்றிக் கொடுப்பார். நாற்பத்தொரு வயது, கொஞ்சம் கூன், குறைந்த பேச்சு. நானும் அதிகம் பேசுகிறவனில்லை. ஆகவே எங்கள் அறையில் சத்தம் என்றால் அது மிலோய்கா உள்ளே வருகிறாள் என்று அர்த்தம்.

திஹோமிரின் மனைவி யத்ராங்கா நார்வேயில் ஒரு முதியோர் இல்லத்தில் வேலை கிடைத்துப் போனாள். போனவள் போனவள்தான். மகள் நெவேனாவுக்கு அப்போது ஐந்து வயது. ஒவ்வொரு ஜூலையிலும் மூன்று வாரம் அப்பாவிடம் வருவாள். வரும் ஒவ்வொரு முறையும் அவளுடைய செர்பிய மொழி இன்னும் கொஞ்சம் இளைத்திருக்கும். ஒரு சொல்லுக்காக அவள் தேடும்போது அவர் காத்திருப்பார். காத்திருக்கிறார் என்று தெரிந்ததும் அவள் தேடுவதை விட்டுவிடுவாள். ஞாயிறுதோறும் தொலைபேசியில் பேசுவார்கள். நல்லா இருக்கேன், ஆமா, இல்ல, மழை. ஐந்து நிமிடத்தில் எல்லாம் தீர்ந்துபோகும்.

அவர்களுக்குள் நீண்ட பேச்சு என்று ஒன்று இருந்தது அந்த விளையாட்டில் மட்டும்தான்.

நெவேனாவுக்கு ஆறு வயதாக இருந்தபோது, ஞாயிற்றுச் சந்தையில் வியன்னாவிலிருந்து திரும்பிய ஒருவனிடம் கையடக்க விளையாட்டுக் கருவி ஒன்றையும் ஒரு பை நிறைய விளையாட்டுக் குறுந்தட்டுகளையும் திஹோமிர் வாங்கினார். கருவி ஐரோப்பாவில் விற்றது. தட்டுகளில் ஒன்று மட்டும் ஜப்பானில் விற்றது. இந்தப் பக்கம் வராதது. அட்டையில் ஒரு காற்றாலை, சில கோழிகள்.

"அது வேணாம், ஒரு எழுத்து புரியாது" என்று விற்றவன் சொன்னானாம். குழந்தை அதைத்தான் எடுத்து மார்போடு அணைத்துக்கொண்டது.

பண்ணை நடத்துகிற விளையாட்டு. விதைக்க வேண்டும், கறக்க வேண்டும், ஊர்க்காரர்களோடு பேச வேண்டும். ஊர்க்காரர்கள் பேசுவது இரண்டு பேருக்கும் புரியாது. அப்பாவுக்கு ஒரு மொழி நன்றாகத் தெரிந்து மகளுக்கு அரைகுறை, மகளுக்கு ஒரு மொழி நன்றாகத் தெரிந்து அப்பாவுக்குச் சுத்தமாக இல்லை என்றிருந்த வீட்டில், இது ஒன்றுதான் இருவருக்கும் சமமாகத் தெரியாத மொழி. எழுத்துகளின் வடிவத்தைப் பார்த்து அவர்களே பெயர் வைத்தார்கள். 'வேலி' என்றால் விதை. 'நாற்காலியில் பூனை' என்றால் விற்பது. 'கோபக்காரன்' என்றால் தூங்கப் போவது. ஒரு கோடு போட்ட நோட்டில் நாற்பத்து மூன்று எழுத்துகள் சேர்ந்திருந்தன. பெயர் வைக்காத எழுத்தைத் தொடுவதில்லை என்பது திஹோமிரின் சட்டம்.

இன்னொரு சட்டமும் இருந்தது. கருவியில் வட்டம் போட்ட பொத்தான் ஒன்று, பெருக்கல் குறி போட்டது ஒன்று. ஜப்பான் விளையாட்டுக்குள் வட்டம்தான் 'சரி', பெருக்கல் 'வேண்டாம்'. ஆனால் கருவி ஐரோப்பாவுடையது. விளையாடியதைச் சேமிக்கும்போது கேள்வி கேட்பது விளையாட்டல்ல, கருவி. அங்கே பெருக்கல்தான் 'சரி'. ஒரே ஆட்டத்துக்குள் இரண்டு நாட்டுச் சட்டம். அதனால் ஒவ்வொரு கேள்வி வரும்போதும் நெவேனா சத்தமாகக் கேட்பாள்: "கேம் கேக்குதா, மெஷின் கேக்குதா?" அவர் பதில் சொன்ன பிறகுதான் கட்டைவிரல் இறங்கும்.

அவள் போன பிறகு அவர் ஆட்டத்தை முன்னே நகர்த்துவதில்லை. ஞாயிறு தொலைபேசி முடிந்ததும் கருவியைத் திறந்து, கோழிகளுக்குத் தீனி போட்டு, சேமித்து மூடிவிடுவார். அடுத்த ஞாயிறு அதை அவளிடம் சொல்வார். "தீனி போட்டேன்." "சரிப்பா." ஐந்து நிமிடத்தில் அதுவும் ஒரு வாக்கியம்.

கெட்டது நடந்தது ஏப்ரலில், மதிய இடைவேளையில்.

அதற்கு முந்தைய கோடையில் ஆட்டத்துக்குள் பூட்டிய கதவு ஒன்றின் முன் அவர்கள் மூன்று நாள் நின்றுவிட்டார்கள். இருக்கிற மூன்று வாரத்தில் மூன்று நாள். இந்த முறை அப்படி ஆகக்கூடாது என்று, அந்தக் கதவு எப்படித் திறக்கும் என்பதை முன்கூட்டியே தெரிந்துகொள்ள, அவர் தனியாக ஒரு புது ஆட்டம் தொடங்கினார். ஒரு மணி நேரம் விளையாடினார். நான் எதிரே உட்கார்ந்து தயிர் குடித்துக்கொண்டிருந்தேன். மிலோய்கா வாசலிலிருந்து கத்தினாள்.

"திஹோமிர்! வெளிய ஒரு அம்மா ரெண்டு பெட்டியோட நிக்குது. உன் மாடு பால் கறந்து முடிச்சாச்சா?"

"ஒரு நிமிஷம்."

"ஆறு வருஷமா இதே நிமிஷம்தான். பால நாங்க குடிக்கிற மாதிரி இருந்தாலாவது பரவால்ல."

அவர் சிரித்தபடி சேமிக்கப் போனார். சேமிக்கும் பக்கத்தில் மேலே இருந்தது நெவேனாவின் பண்ணை. குறி அதன்மேல் நின்றிருந்தது. இதன் மேலேயே எழுதவா என்று கேள்வி வந்தது. 'வேண்டாம்' என்று பெருக்கலை அழுத்தினார்.

கேட்டது கருவி. நெவேனாவின் பண்ணை இருந்த இடத்தில் புது ஆட்டம் பதிந்துவிட்டது.

அவர் எழுந்திருக்கவில்லை. திரையைப் பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு என்னிடம், கடையில் விலை கேட்பது போன்ற குரலில், "இத திரும்ப எடுக்க முடியுமா?" என்றார்.

"முடியாது."

"ஆமா, முடியாதுல்ல" என்றார். வெளியே போய் அந்த அம்மாவின் இரண்டு பெட்டிகளையும் எடை போட்டார்.

மறுநாள் நோட்டைக் கொண்டுவந்தார். கடைசிப் பக்கங்களில் பண்ணையை நினைவிலிருந்து வரைந்திருந்தார். எந்தப் பாத்தியில் முள்ளங்கி, எந்தப் பாத்தியில் பூ, கிணற்றை ஒட்டி வழியை மறித்துக்கொண்டு அவள் அடம்பிடித்துக் கட்டிய கொட்டகை. எல்லாவற்றையும் முதலிலிருந்து கட்டப்போவதாகச் சொன்னார். ஜூலை இரண்டாம் தேதி அவள் வருவாள். பதினோரு வாரம் இருந்தது.

"பொண்ணுகிட்ட உண்மையச் சொல்லித் தொலையேன்" என்றாள் மிலோய்கா. "பன்னண்டு வயசாச்சு. கடிச்சா திம்பா உன்ன?"

"அழுவா."

"அழட்டும். ஒரு நாள் அழுவா."

"இருக்கறதே மூணு வாரம், மிலோய்கா. அதுல ஒரு நாள எங்கேருந்து எடுக்கறது?"

அவளுக்கு அதன்பிறகு கேலி வரவில்லை. மதியம் கவுண்டரில் நின்று அவருடைய வாடிக்கையாளர்களையும் தானே பார்த்துக்கொண்டாள். அவர் வேகமாக விளையாடினார். பேருந்தில், மருத்துவர் வீட்டு வரிசையில், குடிதண்ணீர் பிடிக்க டின்னோடு நிற்கையில். நாய்க்கு அதே பெயர் வைத்தார், 'பூரெக்', உள்ளே கறி வைத்துச் சுடுகிற எங்கள் ஊர் அடையின் பெயர். தவறாக வாங்கிய மாட்டைத் தவறாகவே வாங்கினார். அவள் செய்த அசட்டுத்தனங்களைச் செய்யத்தான் அவருக்குக் கஷ்டமாக இருந்தது. அவர் இயல்பாகவே ஒழுங்கானவர்.

கோழி விஷயத்தில் மாட்டிக்கொண்டார். நெவேனாவிடம் ஏழு கோழிகள் இருந்தன. ஒரு மழை இரவில் அவள் கொட்டகைக் கதவை மூட மறந்து ஒன்று செத்தது. மீதி ஆறு. இப்போது அவரிடம் ஏழு வந்துவிட்டன. ஒன்றை விற்கலாம். ஆனால் விற்றால் காற்றாலைக்குப் பின்னால் அந்தச் சின்னக் கல்லறைக் கல் வராது. செத்தால்தான் வரும்.

"நீ கொஞ்சம் பாத்துக்கறியா?" என்று கருவியை என்னிடம் நீட்டினார். "கோழிய வெளிய விட்டுட்டு 'கோபக்காரன' அழுத்தினா போதும். எனக்கு அந்தப் பக்கம் ரசீது ஒட்டற வேலை இருக்கு."

ரசீது எதுவும் ஒட்ட வேண்டியிருக்கவில்லை. நான் அந்தக் கோழியைத் தூக்கி மழையில் வைத்தேன். அது கொட்டகைச் சுவரை ஒட்டியே போய் நின்றது. அழுத்தினேன். காலையில் கல் இருந்தது.

ஜூன் கடைசி வாரத்தில் பண்ணை முடிந்தது. நெவேனாவின் பழைய பண்ணையை நானும் பலமுறை பார்த்திருக்கிறேன். எனக்கு வித்தியாசம் தெரியவில்லை.

நெவேனா வந்த மூன்றாம் நாள், மதியம், தபால் நிலையத்துக்கே அவளை அழைத்து வந்தார். அப்பாவின் தோளுக்கு வந்துவிட்டாள். பல்லுக்குக் கம்பி. மிலோய்கா இறைச்சி பூரெக் வாங்கி வைத்திருந்தாள்.

"இது என்ன, பொண்ண அனுப்பச் சொன்னா பனைமரத்த அனுப்பியிருக்காங்க" என்று கன்னத்தைக் கிள்ளினாள். நெவேனா சிரித்தாள். எண்ணெய்க் கையைத் துடைத்துவிட்டு, "கொண்டு வந்தியாப்பா?" என்றாள்.

அவர் கருவியைக் கொடுத்தார். கையில் பிடித்ததுமே அவள் சின்னவளாகிவிட்டாள். நாற்காலியில் காலை மடித்து உட்கார்ந்தாள். நாயைத் தட்டிக்கொடுத்தாள். கோழிகளை எண்ணினாள். "ஆறும் குண்டா இருக்கு. ரொம்ப தீனி போடுற நீ." கல்லுக்கு முன்னால் ஒரு பூ வைத்தாள். திஹோமிர் என்னை ஒருமுறை பார்த்தார். அந்த முகத்தை அதற்கு முன் நான் பார்த்ததில்லை. ஜெயித்தவனின் முகம் அது.

பிறகு அவள் பண்ணைவீட்டுக்குள் போய், ஒரு பட்டியலைத் திறந்து, கடைசியில் இருந்த, அவர்கள் பெயர் வைக்காத ஓர் எழுத்தை அழுத்தினாள். வெறும் பக்கம் ஒன்று வந்தது. அடுத்த பக்கம் புரட்டினாள். அதுவும் வெறும்.

"டைரியையெல்லாம் அழிச்சிட்டியாப்பா?"

"எந்த டைரி?"

"போன வருஷம் நீ வேலைக்குப் போனப்புறம் நான் எழுதினது. தினமும் காலைல. நாய்க்குப் பேர் போட்டோமே, அந்த நம்ம ஊர் எழுத்துலதான் எழுதினேன், உனக்குப் படிக்க." சொற்களைத் தேடித்தேடி வைத்தாள். "நீ ஞாயித்துக்கிழம திறப்பியே. பாப்பன்னு நெனச்சேன்."

திஹோமிர் பூரெக் காகிதத்தை மடித்துக்கொண்டிருந்தார். அவசரத்தில் ஒரு மனிதன் எதைச் செய்வானோ அதைச் செய்தார்.

"படிச்சேனே."

"எல்லாமா?"

"எல்லாம். அழகா எழுதியிருந்த."

அவள் திரையைப் பார்த்தாள். கம்பி போட்ட பல்லை நாக்கால் தடவிக்கொண்டாள்.

"அப்ப கடைசிப் பக்கமும் படிச்சிருக்க."

"ம்."

"அதுல கேட்டிருந்தேனே. நீ எதுவும் சொல்லலியே. ஒவ்வொரு ஞாயித்துக்கிழமையும் சொல்லுவன்னு பாத்தேன். கோழிக்குத் தீனி போட்டேன்னு மட்டும் சொன்ன."

அப்போதுதான் அவருக்கு விளங்கியது. உண்மையைச் சொன்னார். ஒரேயடியாக, தடுமாறி, ஏப்ரல், பெருக்கல் பொத்தான், பதினோரு வாரம், எல்லாவற்றையும். படிக்கவே இல்லை, அப்படி ஒன்று இருந்ததே தெரியாது என்றார். அவள் பொறுமையாகக் கேட்டாள்.

"ஆனா கோழி இருக்கேப்பா. நாய் இருக்கு. கல்லு இருக்கு. எல்லாமே அப்படியே இருக்கு. டைரி மட்டும் எப்படிப் போகும்?"

"நான் திரும்பக் கட்டினேம்மா."

"கல்லையுமா?"

நான் வாயைத் திறந்தேன். எனக்கு நாலு பேர் முன் பேச வராது, அதிலும் அப்போது. "அந்தக் கோழிய மழையில விட்டது நான்தான்" என்றேன்.

அவள் என்னை நிமிர்ந்து பார்த்தாள். "அது செத்தது போன வருஷம். கதவ மூட மறந்தது நான்."

"நெசம்தான் கண்ணு" என்று மிலோய்கா உள்ளே வந்தாள். "மூணு மாசமா இவன் வேலையையும் சேர்த்து நான்தான் பாத்தேன், என்னக் கேளு."

நெவேனா எங்கள் மூவரையும் வரிசையாகப் பார்த்தாள். கோபமில்லை. பெரியவர்கள் ஒரு குழந்தையின் மனம் நோகாமலிருக்கக் கூடிப் பேசி வைத்துக்கொண்ட கதையைக் கேட்டு முடித்த முகம்.

"பரவால்லப்பா" என்றாள். "வேணாம்னா வேணாம்னு சொல்லியிருக்கலாம். நான் ஒண்ணும் நெனச்சிருக்க மாட்டேன்."

"என்ன கேட்டிருந்த? இப்பச் சொல்லு. இப்பக் கேளு."

"சும்மா, சின்னப்புள்ளத்தனமா ஏதோ. விடு." கருவியை மூடி மேசையில் வைத்தாள். மிச்சமிருந்த பூரெக்கைச் சாப்பிட்டாள். நன்றாக இருக்கிறது என்று மிலோய்காவிடம் சொன்னாள்.

மீதி இரண்டரை வாரமும் அவள் நல்ல பிள்ளையாக இருந்தாள் என்றார் திஹோமிர். கூப்பிட்ட இடத்துக்கெல்லாம் வந்தாள். பேகேய் ஆற்றங்கரையில் ஐஸ்கிரீம் சாப்பிட்டார்கள். பாத்திரம் கழுவிக்கூட வைத்தாளாம். "எங்க வீட்டுல விருந்தாளிங்க அப்படிச் செய்வாங்க" என்று அவர் சொன்னபோது நான் ரசீதுக் கட்டைச் சரிசெய்வதுபோல் குனிந்துகொண்டேன்.

குளிர்காலம் முழுக்க ஞாயிறுதோறும் அவர் கேட்டார். ஞாபகம் இல்லை என்றாள். பிறகு தொலைபேசியை யத்ராங்காவே எடுத்து, "அவள நச்சரிக்காத திஹோமிர், போன்ல உன் பேரு வந்தாலே ரூமுக்குள்ள போயிடறா" என்றாளாம். அதன்பின் கேட்பதை விட்டார். மே மாதம் செய்தி வந்தது. ஜூலையில் கைப்பந்து முகாம், இந்த வருடம் வர முடியாது.

"கிறிஸ்துமஸுக்கு வருவா" என்றாள் மிலோய்கா.

"டிக்கெட் வெல அப்ப ஜாஸ்தி."

அவர் ஒரு ஜாடியைச் செய்தித்தாளில் சுற்றிக்கொண்டிருந்தார். யாருடைய ஜாடியோ. சுற்றி முடித்துப் பெட்டியில் வைத்து, மூலைகளில் காகிதம் திணித்து, ஆட்டிப் பார்த்தார். பிறகு என்னிடம் மெதுவாகச் சொன்னார்:

"எதக் கேட்டிருந்தாலும் சரின்னுதானே சொல்லியிருப்பேன். அது அவளுக்குத் தெரியாதா?"

நான் ஒட்டுநாடாவை நீட்டினேன். அவர் பெட்டியை மூடி ஒட்டினார்.