சுண்ணாம்புக் குழிக்குப் போலீஸ் காவல்

கேட்டில் பூட்டைப் பார்த்ததும் என் மனம் போனது சுண்ணாம்புக் குழிக்குத்தான். பல்லாவரம் பக்கம் ஒரு தோல் பதனிடும் கம்பெனியில் அப்போது நான் குழி மேஸ்திரி. கூலி ஒப்பந்தம் கேட்டு நாங்கள் வேலையை நிறுத்தி உட்கார்ந்ததற்கு முதலாளி லாக் அவுட் செய்துவிட்டார். உள்ளே குழிகளில் பச்சைத் தோல் ஊறிக்கொண்டிருந்தது. முடி கழலத்தான் சுண்ணாம்பில் போடுவோம். நேரத்தோடு எடுக்காவிட்டால் தோலே கூழாகிவிடும்.

"கூழாவட்டும் மேஸ்திரி. அவனுக்குத்தானே நஷ்டம்," என்றான் சதை எடுக்கும் மிஷின் ஓட்டுகிற சேகர்.

எனக்கு அப்படித் தோன்றவில்லை. ஃப்ளாட் கட்டுகிறவர்கள் வந்து இடத்தை அளந்ததை எல்லோரும் பார்த்திருந்தோம். சரக்கு அழுகினால் முதலாளி பழியை எங்கள் மேல் போட்டுக் கம்பெனியையே மூடி, இடத்தை விற்றுவிடுவார்.

"அப்புறம் எந்த கேட்டுல போய் உக்காருவே?" என்றேன்.

தோலை மட்டும் காப்பாற்றிவிட்டு வெளியே வந்துவிடுகிறோம் என்று சங்கம் எழுதிக் கொடுத்தது. பதிலுக்கு கேட்டில் வாடகை ஆட்களை நிறுத்தினார்கள். கிட்டே போனவர்களுக்கு அடி விழுந்தது. ஸ்டேஷனில் கேட்டால், இது லேபர் மேட்டர், கோர்ட் ஆர்டரோடு வாருங்கள் என்றார்கள்.

சங்கத்து வக்கீலம்மா சிரித்துவிட்டார். "மொதலாளிங்கதான் ஸ்ட்ரைக்குன்னா போலீஸ் வேணும்னு கோர்ட்டுக்கு வருவாங்க. அவர் சரக்கைக் காப்பாத்த நீங்க கேக்கறீங்களே அண்ணா."

அவசரம் என்பதால் ஐகோர்ட்டில் அன்று மதியமே விசாரிக்கும் லஞ்ச் மோஷனாக எடுத்துக்கொண்டார்கள். நான் வராந்தாவில் நின்று எங்கள் தெரு அம்மனை வேண்டிக்கொண்டிருந்தேன். சரக்கை நாசம் செய்யத்தான் இவர்கள் உள்ளே வருகிறார்கள் என்று கம்பெனி வக்கீல் சொன்னாராம். அப்படியானால் போலீஸ் பக்கத்திலேயே நின்று பார்க்கட்டும் என்று நீதிபதி உத்தரவு போட்டுவிட்டார்.

மறுநாள் காலை இன்ஸ்பெக்டர் ஜீப் வந்ததும் வாடகை ஆட்கள் டீக்கடைப் பக்கம் நகர்ந்தார்கள். நான் கேட்டில் சூடம் ஏற்றிக் கும்பிட்டு, முதல் ஆளாக உள்ளே போனேன். எங்கள் பின்னால் போலீஸ் வந்தது. அதுவரை எங்களைத் துரத்தத்தான் பின்னால் வந்திருக்கிறது.

குழிப் பலகையை நகர்த்தியதும் நாற்றம் தாங்காமல் இன்ஸ்பெக்டர் மூக்கில் கர்ச்சீப் வைத்தார். "இதுக்காய்யா கோர்ட்டு வரைக்கும் போனீங்க?"

"சார் கால்ல போட்டுகினு கீற ஷூவும் ஒரு நாள் இதுல ஊறினதுதான் சார்," என்றான் சேகர்.

அவர் குனிந்து தன் காலைப் பார்த்துவிட்டுச் சிரித்தார்.

முதல் தோலைக் கொக்கியால் இழுத்து விரலால் அழுத்தினேன். கெட்டியாக இருந்தது. தாயே என்று வாய் தானாகச் சொன்னது. அடியில் கிடந்த சில போய்விட்டன. மற்றதையெல்லாம் கழுவி, சதை எடுத்து, சுண்ணாம்பு போக்கி, டிரம்மில் உப்பும் ஆசிடும் கொடுத்துப் பிக்கிள் செய்தோம். இனி மாதக்கணக்கில் தாங்கும். சேகர் மிஷினை விட்டு நகரவேயில்லை.

லேபர் ஆபீஸில் பேச்சுவார்த்தைக்கு உட்கார்ந்தபோது, சரக்கு அழுகிப்போச்சு என்ற பேச்சை முதலாளியால் எடுக்கவே முடியவில்லை. போலீசே எங்களுக்குச் சாட்சி. ஒப்பந்தம் கையெழுத்தானது. கேட் திறந்த வெள்ளிக்கிழமை அம்மனுக்குப் பொங்கல் வைத்தேன்.

புதிதாகச் சங்கத்தில் சேரும் பிள்ளைகளுக்கு இதைத்தான் சொல்வேன். கேட்டைத் திறக்கச் சொல்லிப் போராடுகிறவன், திறக்கிற அன்று உள்ளே வேலை இருக்கும்படியும் பார்த்துக்கொள்ள வேண்டும்.