அண்ணாந்து ஊற்றிய மருந்து

லேக் மார்க்கெட்டுக்குப் பின்னால் இருக்கும் இந்த ஃபிளாட்டில் தமிழ் பேசுவது நான், கேட்பது என் நாய். வங்கியில் நாள் முழுவதும் இந்தியும் வங்காளமும்தான். மாலையில் கதவைத் திறந்ததும் என் வாயில் வரும் முதல் தமிழ் அதற்குரியது: "வந்துட்டேன்டி."

மழைக்காலத்தில் ஒருநாள் அது பிஸ்கட்டைக் கவ்வ முடியாமல் நழுவவிட்டது. மறுநாள் கொட்டாவி விடத் தொடங்கி, பாதியில் முனகி நிறுத்திக்கொண்டது. தாடைத் தசைகளில் வீக்கம் என்றார் கால்நடை மருத்துவர். வாய் இரண்டு விரல் அளவுக்குமேல் திறக்கவில்லை. மருந்து தவறினால் தசை இறுகி, வாய் அப்படியே பூட்டிக்கொள்ளலாம். பலவந்தமாகத் திறக்கவும் கூடாது. மாத்திரையை நீரில் கரைத்து, ஊசி இல்லாத சிரிஞ்சில் கொடுக்கச் சொன்னார். எப்படி என்று நான் கேட்கவில்லை. இதில் கேட்க என்ன இருக்கிறது என்று நினைத்துவிட்டேன்.

சிரிஞ்சு, ஈரத்துணி, கஞ்சிக் கிண்ணம் என எல்லாவற்றையும் வரிசையாக வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். அதன் முகவாயை உயர்த்திப் பிடித்து, பல்லில் படாமல் மேலிருந்து ஊற்றினேன். எங்கள் வீட்டில் தண்ணீர் குடிப்பது அப்படித்தான். டம்ளர் உதட்டில் படக்கூடாது. நாய்க்குப் புரையேறியது. இருமி இருமி ஓய்ந்து, கட்டிலுக்கடியில் போய்ச் சுவரைப் பார்த்துப் படுத்துக்கொண்டது. கூப்பிட்டால் காது மட்டும் அசைந்தது.

காலையில் சிரிஞ்சைக் கண்டதும் இன்னும் உள்ளே நகர்ந்தது. அந்த வேளை மருந்து தவறியது. போர்வையில் சுற்றி ஆட்டோவில் தூக்கிக்கொண்டு போனேன். மருத்துவர் அதன் நெஞ்சில் ஸ்டெதஸ்கோப் வைத்துப் பார்த்துவிட்டு, எப்படிக் கொடுத்தீர்கள் என்றார். செய்து காட்டினேன்.

"தீதி, இப்படி யார் குடிப்பார்கள்?" என்றார் வங்காளத்தில். தீதி என்றால் அக்கா.

"நாங்கள்" என்றேன்.

சிரித்துவிட்டார். பிறகு நாயின் தலையைத் தாழ்வாகவே விட்டு, உதட்டோரத்தை லேசாக இழுத்து, கன்னத்துக்கும் பல்லுக்கும் இடையில் சிறிது சிறிதாக விட்டார். அது விழுங்கும்வரை காத்திருந்து, மறுபடி விட்டார்.

சென்னையிலிருக்கும் தம்பியிடம் ஃபோனில் சொன்னேன்.

"எச்சில் படாம ஊத்தினியா? நாய்க்கு என்னக்கா ஆசாரம்?"

"சிரிக்காதேடா. அது எங்கிட்ட வரமாட்டேங்குது."

"வரும்க்கா. வேற யாருகிட்ட போகும்?"

அவன் சாதாரணமாகத்தான் சொன்னான். ஃபோனை வைத்துவிட்டுக் கஞ்சி காய்ச்சப் போனேன்.

அன்று மாலை கட்டிலருகே தரையில் உட்கார்ந்தேன். கூப்பிடவில்லை. சிரிஞ்சில் வெறும் கஞ்சித் தண்ணீரை எடுத்து என் விரலில் விட்டு நீட்டினேன். நீண்டநேரம் கழித்து மூக்கு வெளியே வந்தது. பிறகு நாக்கின் நுனி. அதன்பின் கன்னத்தோரம் கஞ்சி, அடுத்து மருந்து. ஒவ்வொரு முறையும் அதன் தொண்டை அசையும்வரை என் தொண்டையும் விழுங்காமல் நிற்கும்.

பூஜைப் பந்தல்களுக்கு மூங்கில் கட்டத் தொடங்கியிருந்த ஒரு ஞாயிறு மாலை, வழக்கம்போல் அதனிடம் ஏதோ பேசிக்கொண்டே துணி மடித்துக்கொண்டிருந்தேன். அது கொட்டாவி விட்டது. பாதியில் நிற்கவில்லை. பின்பற்கள்வரை தெரிந்தன.

தம்பியை அழைத்தேன். மணி அடித்து ஓய்ந்தது.

"பெரிய கொட்டாவிடி" என்று அதனிடமே சொன்னேன். சொல்லி முடிப்பதற்குள் எனக்கும் கொட்டாவி வந்தது.