வாய்கட்டி நின்றவன்

மாமி சுட்டு வைத்த பனங்காய்ப் பணியாரத்தைத் திருடித் தின்றவன் நான். அடி வாங்கியவன் மாமியின் மகன், என் மச்சான். அறுபது வருடங்களுக்கு மேலாக இதை யாரிடமும் சொல்லவில்லை.

எங்கள் மண்டூர் முருகன் கோயிலில் பூசை செய்பவர் வாயைத் துணியால் கட்டியிருப்பார். மந்திரம் இல்லை, பேச்சும் இல்லை. திருவிழா முடிந்ததும் பிள்ளைகள் எங்களுக்கும் அதுதான் விளையாட்டு. மச்சான் ஓயாத வாயன். அதனாலேயே அவனைப் பூசகராக்கினேன். முடிச்சு இறுகும்வரை பேசிக்கொண்டிருந்தான். நான் அவிழ்க்கும்வரை பேசக்கூடாது என்பது சட்டம்.

அவன் வேப்பங்குழையை ஆட்டிக்கொண்டு செங்கல் சாமியைச் சுற்றியபோது நான் மாமி சமைக்கும் குசினிக்குள் நுழைந்தேன். ஒன்றே ஒன்று என்றுதான் போனேன். சட்டியின் அடி தெரிந்த பிறகு ஓடிவந்து கும்பிட்டு நின்றேன். பின்னாலேயே மாமி வந்தார்.

“ஆருடா பணியாரத்தத் திண்ட?”

“மச்சான்தான் மாமி.”

“வாயக் கட்டிக்கிட்டெல்லோ நிக்கான்?”

“கட்ட முன்னமே திண்டுட்டான் மாமி.”

பூவரசங்கம்பு விளாசியது. மச்சான் குதித்தானே தவிர, துணியில் கைவைக்கவில்லை. மாமி போனதும் நான் முடிச்சை அவிழ்த்தேன்.

“பூசை முடிஞ்சிதா?” என்றான்.

சரியான மொக்கன், ஒன்றும் விளங்காதவன் என்று நினைத்துக்கொண்டேன்.

அந்த மொக்கன் டாக்டரானான். ஒரு மரணச் சான்றிதழில் மேலிடம் எழுதச் சொன்ன பொய்க் காரணத்தை எழுத மறுத்தான்; மறுத்ததை வெளியிலும் சொன்னான். பிறகு ஊரில் இருக்க முடியவில்லை. இப்போது கடல் கடந்த ஒரு குளிர் நாட்டிலிருந்து, சனிக்கிழமை தோறும் யூடியூபில் நாட்டு நடப்புப் பேசுகிறான்.

போன சனிக்கிழமை நேரலையில் அவனை அழைத்தேன்.

“வணக்கம் ஐயா, எங்கயிருந்து பேசுறீங்க?”

“மண்டூரிலிருந்து. மச்சான், அண்டைக்குப் பணியாரம் திண்டது நான்தான். என்னை மன்னிச்சிரு.”

மச்சான் வெடித்துச் சிரித்தான்.

“டேய், அண்டைக்கு என்ட வாய் நிறையப் பணியாரம்கா! துணிய அவுத்தா மாட்டியிருப்பன். அதுதான் பேசாம நிண்ட நான்!”

பார்த்துக்கொண்டிருந்தவர்கள் அரசியலை விட்டுவிட்டுப் பணியாரத்தின் பக்குவம் கேட்கத் தொடங்கினார்கள். என் மனைவி விழுந்து விழுந்து சிரித்தாள். அறுபது வருடப் பாரம் இறங்கி நானும் கண்ணில் நீர் வரச் சிரித்தேன்.

போனை வைத்த பிறகுதான் நினைவு வந்தது. அந்த முடிச்சைப் போட்டவனும் நான், அவிழ்த்தவனும் நான். துணிக்குள் பணியாரம் எதுவும் இருக்கவில்லை.

ஒரு பொய்யை எழுத மறுத்து ஊரை இழந்தவன், எனக்காக ஒரு பொய் சொல்லியிருக்கிறான். அதுவும் உலகமே கேட்க.