யாரும் மிதிக்காத மண்

ஜாபிரின் டிராக்டர் வயலுக்கு வந்தால் உடனே இறங்காது. வரப்போரம் உறுமிக்கொண்டு நிற்கும். வயல்காரர் யாராவது வடகிழக்கு மூலையில், நாங்கள் சனிமூலை என்று சொல்லும் இடத்தில், இறங்கி எதிர்வரப்பு வரை ஒரு நடை போய்வந்த பிறகுதான் ஜாபிர் நடவுக்குச் சேறடிக்க வண்டியை இறக்குவார். முதல் கால் வயல்காரரின் காலாக இருக்கவேண்டும் என்பது எங்கள் பக்கத்து வழக்கம். நாங்களே மறந்துபோனதை ஒரு பாய் இவ்வளவு மதிக்கிறாரே என்று பாபநாசம் சுற்றுவட்டாரமே உருகியது. நானும் உருகினேன். என் மச்சினனை, "அவரப் பாத்துக் கத்துக்கடா" என்று ஏசியும் இருக்கிறேன். எவ்வளவு பெரிய மண்டூகம் நான்!

போன வருஷம் என் வயலுக்கு அடுத்த வயலை அவர் குத்தகைக்கு எடுத்தார். இப்போது அவரே வயல்காரர். ஆனாலும் முதலில் இறங்கியது அவர் மனைவி ஹாஃபிஸாதான். புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, தண்ணீரில் கிடந்த வானத்தைக் கலக்கியபடி எதிர்வரப்பு வரை போனார். ஜாபிர் மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்த்தார். பெண்டாட்டியை லட்சுமியாக நினைக்கிறார் போல என்று அதற்கும் நானே ஒரு விளக்கம் கண்டுபிடித்தேன்.

இந்தக் குறுவையில் ஹாஃபிஸா குளியலறையில் வழுக்கி விழுந்து காலில் மாவுக்கட்டு. நாற்று முற்றிக்கொண்டிருந்தது. வாய்க்காலில் விடும் முறைத்தண்ணீர் மறுநாள் நின்றுவிடும். அன்று சேறடிக்காவிட்டால் அந்தப் போகமே போச்சு. வெயில் ஏறாத காலை. வயல் எங்கே முடிகிறது, வானம் எங்கே தொடங்குகிறது என்று தெரியவில்லை. ஜாபிர் வரப்பில் நின்றார். ரோட்டோரம் பிளாஸ்டிக் நாற்காலியில் ஹாஃபிஸா உட்கார்ந்திருந்தார்.

"என்ன பாய், நல்ல நேரம் பாக்குறீங்களா?" என்று கேட்டேன். அவர் தண்ணீரையே வெறித்துக்கொண்டு நின்றார். சட்டை வேர்வையில் முதுகோடு ஒட்டியிருந்தது.

ஹாஃபிஸா என்னைக் கூப்பிட்டு மெல்லச் சொன்னார். "நேரமும் இல்ல, மூலையும் இல்லண்ணே. ஈராக்ல சண்டை நடந்தப்ப இவங்க குவைத்துலேர்ந்து அங்க லாரி ஓட்டுனாங்க. பட்டாளத்துக்குத் தண்ணி கொண்டுபோற லாரி. ரோட்டுல வெடி பொதைச்சிருப்பாங்களாம். முன்னாடி போற லாரியோட டயர் தடத்து மேலயேதான் போகணும். ஒருநாள் இவங்கதான் முன்னாடி போகவேண்டியது. வண்டி ஸ்டார்ட் ஆகல. பூதலூர்க்காரர் ஒருத்தர், சாமிதுரைன்னு பேரு, 'நீ பின்னால வா'ன்னு சிரிச்சுக்கிட்டே முந்திப் போனாராம்."

அவர் கண் வரப்பில் நின்ற ஜாபிரிடம் போனது. "யாரும் மிதிக்காத மண்ணப் பாத்தா இவங்களுக்கு இன்னும் அந்த ரோடுதான்" என்றார்.

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. "அப்ப வெடிச்சா நாங்க சாகலாமா?"

"அதுதாண்ணே அவங்களத் தின்னுது. நம்மூர் மண்ணுல ஒண்ணும் இல்லன்னு புத்திக்குத் தெரியும். காலுக்குத் தெரியலையே."

கோபம் போன இடம் தெரியவில்லை. வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வரப்புக்குப் போனேன். ஜாபிர் கையை நீட்டித் தடுத்தார். "வேணாம்ண்ணே. நீங்க வேணாம்."

அப்போதுதான் ஒரு கொக்கு சனிமூலையில் வந்து இறங்கியது. அவசரமே இல்லாமல் காலைத் தூக்கித் தூக்கி வைத்து வயலின் நடுவே நடந்தது. எப்போதும் டிராக்டருக்குப் பின்னால் புழு பொறுக்க வருகிற கொக்கு இன்று முன்னால் போனது. ஜாபிர் அதையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு தூக்கத்தில் நடப்பவர் போலச் செருப்பைக் கழற்றினார். ஒரு கால் வைத்தார். வெகுநேரம் கழித்து இன்னொரு கால். கணுக்கால் மூழ்கியது, கெண்டைக்கால் மூழ்கியது. கொக்கு போன வழியிலேயே எதிர்வரப்பு வரை போனார். ஹாஃபிஸா முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதார். எனக்கும் கண் நிறைந்துவிட்டது.

திரும்பி வந்தவரிடம், "கொக்கு வழி காட்டுச்சா பாய்?" என்று கேட்டேன்.

"கொக்குக்கு கனம் பத்தாதுண்ணே. அது மிதிச்சா எதுவும் வெடிக்காது" என்றார். "தெரிஞ்சுதான் எறங்குனேன்."

மத்தியானம் என் வயலுக்கு வந்தார். டிராக்டர் எப்போதும்போல வரப்போரம் நின்று உறுமியது. காலையில் இறங்கிக் காட்டிய மனிதர் மறுபடி வேர்த்துப்போய் உட்கார்ந்திருந்தார். ஒரே நாளில் தீர்கிற சங்கதியா அது? நான் சனிமூலையில் இறங்கி, அவர் கண்ணுக்குத் தெரியும்படி ஒவ்வோர் அடியையும் அழுத்தி அழுத்தி மிதித்து எதிர்வரப்பு வரை நடந்தேன்.