நாரை தைத்த நீலக் கோட்டு

அம்ப்ரோஸ் டக்கெட் மேடையில் செத்த சாவுகளுக்குக் கணக்கே இல்லை. டியூக்காகக் கழுத்து நெரிபட்டுச் செத்தான், ஏர்லாகத் தலை வெட்டுப்பட்டுச் செத்தான், ராஜாவின் தம்பியாக விஷம் குடித்துச் செத்தான். துன்ப நாடகம் என்றால் பட்டம் உள்ளவன்தான் சாக வேண்டும். செருப்புத் தைக்கிறவன் மேடையில் செத்தால் எங்கள் சனங்கள் சிரிப்பார்கள். டியூக் செத்தால் மூக்கைச் சிந்துவார்கள், அதிலும் செருப்புத் தைக்கிறவர்கள்தான் முதலில் சிந்துவார்கள்.

அவன் பிறந்தது எங்கள் ப்ராம்விக்கில்தான், ஆற்றோரத்துத் தோல் பதனிடும் தொட்டி வீட்டில். சுண்ணாம்பும் நாய்ப் பீயும் கலந்த அந்த நாற்றத்தை விட்டு, மீசை அரும்புமுன்னே கூத்தாடிகளின் வண்டியில் ஏறி ஓடினான். அண்ணன் ரேஃப் தொட்டியோடு நின்றான்.

ராணியின் சட்டத்தில் நாடகக்காரன் ஒரு பிரபுவின் வேலைக்காரனாக இருக்க வேண்டும். இல்லையென்றால் அவன் நாடோடித் திருடன். சாட்டையால் அடித்துக் காதில் காய்ச்சிய இரும்பை ஏற்றுவார்கள். அம்ப்ரோஸின் கூட்டத்துக்குப் பெயர் கொடுத்தவர் மார்ல்ஷாம் ஏர்ல். சம்பளம் எதுவும் கிடையாது. ஆளுக்கொரு நீலக் கோட்டு, அதன் இடது கையில் வெள்ளி இழையில் தைத்த நாரை, அவ்வளவுதான். அந்த நாரையைப் பார்த்தால் எந்த ஊர் மேயரும் வழி விடுவார்.

ஒரு கிறிஸ்துமஸில் ஏர்லின் மாளிகைக் கூடத்தில் ஆடினார்கள். வெட்டுமரத்தில் தலை வைக்கும் பிரபுவாக அம்ப்ரோஸ் நடித்து முடித்ததும் ஏர்ல் அவனைக் கூப்பிட்டார். "டக்கெட், நிஜப் பிரபுக்கள் சாகறதைப் பாத்திருக்கேன். உன் அளவுக்கு யாரும் நல்லா சாகலை" என்றார். இந்த ஒரு வாக்கியத்தை வைத்துக்கொண்டு அவன் எத்தனையோ வருஷம் பசி தெரியாமல் இருந்தான். இதைக் கேட்டு அவனைப் பைத்தியக்காரன் என்று அப்போதே சொன்னவன் ரேஃப் ஒருவன்தான்.

அப்புறம் அந்தக் கெட்ட வருஷம் வந்தது. ஏர்ல் ராணியின் மந்திரிகளுக்கு எதிராக ஆள் திரட்டினார், பிடிபட்டார், லண்டன் கோட்டையில் தலை போயிற்று. தலையோடு விட்டிருந்தால் பரவாயில்லை. துரோகியின் இரத்தம் கெட்டுப்போனது என்று சட்டம் சொல்லும். அதனால் பட்டமும் செத்தது, மகனுக்கும் அது இல்லை என்றாயிற்று.

செய்தி வந்து சேர்ந்தபோது கூட்டம் ப்ராம்விக் சத்திர முற்றத்தில் ஆடிக்கொண்டிருந்தது. சீமாட்டி வேஷம் போடும் ஹம்ஃப்ரி பாவாடையைக்கூட அவிழ்க்காமல் உட்கார்ந்து, கத்தியால் கோட்டிலிருந்து நாரையைப் பிரிக்க ஆரம்பித்தான்.

"உன்னுதையும் குடு அம்ப்ரோஸ். நூலை அறுத்துட்டுப் பின்வாசல் வழியா கிளம்பிடலாம்."

"நான் பிரிக்க மாட்டேன்."

"அடப்பாவி, அந்த ஆளுக்கே தலை இல்ல. நீ யாருக்குக் கோட்டு போட்டுக்கிட்டு நிக்கிற?"

"உயிரோட இருந்தப்ப அவர் பேர்லதானே சோறு தின்னோம்?"

"தின்னது கருவாடும் காஞ்ச ரொட்டியும். அதுக்குக் காதைக் குடுப்பியா?"

ஹம்ஃப்ரியும் மற்றவர்களும் ஓடிவிட்டார்கள். காவல்காரர்கள் அம்ப்ரோஸை நாரையோடு மேயர் முன்னால் நிறுத்தினார்கள். மேயர் பிகாட் கையுறை வியாபாரி, கெட்ட மனுஷன் என்று சொல்ல முடியாது. ரேஃபின் தோல் வாங்கிக் கையுறை தைக்கிறவர். ரேஃபையும் கூப்பிட்டனுப்பியிருந்தார்.

"யாரோட ஆள் நீ?" என்று கேட்டார்.

"மார்ல்ஷாம் ஏர்லோட ஆளுங்க."

"அப்படி ஒரு ஏர்லே இப்ப இல்லப்பா. செத்தவரோட ஆளுன்னு சட்டத்துல இடமில்ல. யாராவது வீடு வாசல் உள்ளவன் உன்னை வேலைக்கு வெச்சுக்கறேன்னா விட்டுடலாம். உங்க அண்ணன் வெச்சுக்கறேன்றான். ஆமான்னு ஒரு வார்த்தை சொல்லு, கோட்டைக் கழட்டிக் குடு, போ."

ரேஃப் தம்பியின் காதருகே வந்தான். "டேய், தோல்காரன் வேலையாள்னு சொல்லுடா. நாக்கு அழுகிடாது."

அம்ப்ரோஸ் சொல்லியிருக்கலாம். ஆனால் கூடத்தில் கூட்டம் இருந்தது. அவன் முதுகு நிமிர்ந்தது, குரல் தாழ்ந்து கனத்தது. எத்தனையோ டியூக்குகள் செத்த குரல் அது. "என் பிரபு வெட்டுமரத்துல தலை வெச்சப்ப, நான் ஏர்ல் இல்லன்னு சொல்லலை. நானும் அவர் ஆளு இல்லன்னு சொல்ல மாட்டேன்" என்றான்.

மேடையில் அந்த வசனத்துக்குப் பிறகு எழுந்து போய் பீர் குடிக்கலாம். இங்கே இரும்பு காய்ந்துகொண்டிருந்தது. சந்தைச் சதுக்கத்தில் கோட்டை உரித்து, இரத்தம் வரும்வரை அடித்து, வலது காதின் குருத்தெலும்பில் பெருவிரல் நுழையும் அளவுக்கு ஓட்டை போட்டார்கள். மேடையில் அவ்வளவு அழகாகச் செத்தவன் அன்றைக்கு மாடு மாதிரி கத்தினான். எனக்கு அதைச் சொல்லவே வாய் கூசுகிறது.

கடைசியில் அண்ணனின் தோல் தொட்டிதான். இடையில் ஒரு கூட்டம் அவனை ஏர்ல் வேஷத்துக்கு எடுத்துப் பார்த்தது. வெட்டுமரத்தின் முன் தொப்பியைக் கழற்றி மண்டியிட்டபோது, கீழே நின்றவர்கள் காதைப் பார்த்துவிட்டு, "குதிரை திருடின பிரபுடோய்" என்று விழுந்து விழுந்து சிரித்தார்கள். மறுநாள் அனுப்பிவிட்டார்கள்.

ராணி போய்ப் புது ராஜா வந்தார். மார்ல்ஷாம் மகனுக்குப் பட்டத்தைத் திருப்பிக் கொடுத்தார். கெட்ட இரத்தம் ஒரே கையெழுத்தில் சுத்தமாயிற்று. புது ஏர்ல் நாடகக் கூட்டம் சேர்க்கிறார் என்று கேள்விப்பட்டு அம்ப்ரோஸ் மார்ல்ஷாமுக்கு நடந்தே போனான். நீலக் கோட்டு திரும்பக் கிடைத்தால் போதும், ஈட்டி பிடித்துக்கொண்டு ஓரமாக நிற்கவும் தயார் என்று ரேஃபிடம் சொல்லிவிட்டுத்தான் போனான்.

புது ஏர்ல் மரியாதையாகவே பேசினார். "இந்தக் காது எப்படி ஆச்சு?"

அம்ப்ரோஸ் சொன்னான். ஏர்ல் எழுந்து போய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தார்.

"எங்கப்பா பேச்சை இந்த வீட்டுல யாரும் எடுக்கறதில்ல. நாங்க மறந்துட்டோம்னுதான் ராஜா எங்களை மன்னிச்சார். என் கோட்டைப் போட்டுக்கிட்டு நீ ஊர் ஊரா போனா, பாக்கறவன் முதல்ல இந்தக் காதைத்தான் கேப்பான். நீயும் சொல்லுவ."

"கேட்டா சொல்ல மாட்டேன் பிரபு."

"அன்னிக்கு மேயர் கேட்டப்ப நீ சொன்னியேப்பா" என்றார் ஏர்ல். அதில் கோபம் இல்லை.

வாசலில் மழை. இந்தக் காதோடு அவன் மாளிகையை விட்டுப் போவதை யாரும் பார்க்க வேண்டாம் என்று காரியஸ்தர் வேலைக்காரர்களின் பழைய நீலக் குல்லா ஒன்றைக் கொண்டுவந்தார். கொடுப்பதற்கு முன் பேனாக்கத்தியை எடுத்து, நெற்றியில் தைத்திருந்த நாரையை நூல் நூலாகப் பிரித்துத் தன் பையில் போட்டுக்கொண்டார்.

ரேஃப் தொட்டியடியில் தோல் சுரண்டிக்கொண்டிருந்தான். "கோட்டு கிடைச்சுதா?"

"குல்லா குடுத்தாங்க."

ரேஃப் கையைத் துடைத்துக்கொண்டு அதை வாங்கி வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தான். வெளுத்த துணியின் நடுவே, வெயில் படாத இடம் மட்டும் நல்ல நீலமாக, நீண்ட கழுத்தும் ஒற்றைக் காலுமாகத் தெரிந்தது.

"இங்க ஏதோ பறவை இருந்திருக்குடா."

"ஆமா" என்றான் அம்ப்ரோஸ். "நான் பிரிக்க மாட்டேன்னேன். அவங்களே பிரிச்சுட்டாங்க."

குல்லாவை ஆணியில் மாட்டிவிட்டு அவனும் தோல் சுரண்ட உட்கார்ந்தான்.