நான்கு துடுப்பும் ஒரு குரலும்

ஏரியிலிருந்து திரும்பி வரும் சித்தியின் துப்பட்டாவில் பாசித் தண்ணீரின் வாசனையும், அதற்கு மேலே லேசாகக் கிரீஸ் வாசனையும் இருக்கும். காலை ஏழு மணிக்கு அவள் மெல்லக் கதவைத் திறந்து உள்ளே வந்ததும், அப்பா குளியலறையிலிருந்து வெளியே வருவதற்குள் அம்மா அந்தத் துப்பட்டாவை வாங்கிச் சோப்புத் தண்ணீரில் அமுக்கிவிடுவாள். அப்பாவைப் பொறுத்தவரை கோமதி சித்தி தினமும் "வாக்கிங்" போய்க்கொண்டிருந்தாள், அவருக்கு அது மிகவும் பிடித்தும் இருந்தது.

எனக்கு அப்போது பத்து வயது. கல்கத்தாவில் லேக் மார்க்கெட்டுக்குப் பின்புறம் ஒரு மூன்றாவது மாடி வீட்டில் குடியிருந்தோம். அப்பாவுக்குக் கிடர்பூரில் துறைமுக அலுவலக வேலை. அம்மாவின் கடைசித் தங்கையான கோமதி சித்தி, சங்கரன்கோவிலில் பட்டப்படிப்பை முடித்துவிட்டுப் புள்ளியியலில் மேற்படிப்புப் படிப்பதற்காக எங்களோடு வந்து தங்கியிருந்தாள். அவளுக்கு வங்காளி தெரியாது, இந்தியும் வராது. தமிழிலேயே அவள் பேசுவது குறைவு, பேசினாலும் பக்கத்தில் இருப்பவருக்கு மட்டும்தான் கேட்கும். தெருவில் போகும் காய்காரரை மாடியிலிருந்து கூப்பிட வேண்டுமென்றால்கூட என்னைத்தான் பால்கனிக்கு அனுப்புவாள்.

அவள் படித்த பல்கலைக்கழகம் பவானிபூரில் ஒரு பழைய நான்கு மாடிக் கட்டடம், அவ்வளவுதான். விளையாட்டு மைதானம் என்று ஒரு முழம் நிலம் அதற்குக் கிடையாது. ஆனாலும் விளையாட்டு அணிகள் இருந்தன. கால்பந்து அணி வேறொருவருடைய மைதானத்தில் ஓர் ஓரமாகப் பயிற்சி செய்தது. டேபிள் டென்னிஸ் மேஜை இரண்டாம் மாடிப் படிக்கட்டுத் திருப்பத்தில் கிடந்தது, வகுப்பு விடும் நேரத்தில் ஆட்டத்தை நிறுத்தி மாணவர்களுக்கு வழிவிட வேண்டும். கபடி அணிக்கு ஓட்டமும் குனிந்து நிமிர்தலும் மொட்டை மாடியில், பிடித்துப் பழகுவது மட்டும் எங்காவது மணல் கிடைக்கிற இடத்தில். எல்லாவற்றையும் கவனித்துக்கொள்ள ஒரே ஒருவர் இருந்தார், விளையாட்டு அதிகாரி பாலித் பாபு. படகுப் போட்டி அவருடைய சொந்த ஆசை. ஏரிக்கரையில் ஒரு கிளப்பில் யாரையோ பிடித்து, ஆறரை மணிக்குள் திருப்பித் தந்துவிட வேண்டும் என்ற ஒப்பந்தத்தில், நான்கு பேர் துடுப்புப் போடும் ஒரு பழைய படகை அவர் இரவல் வாங்கி வைத்திருந்தார்.

அந்தப் படகில் ஐந்தாவதாக ஒருவர் உட்கார வேண்டும். "காக்ஸ்" என்று சொல்வார்கள். துடுப்புப் போடுகிறவர்கள் முதுகைக் காட்டிக்கொண்டு பின்னோக்கிப் போகிறார்கள், எங்கே போகிறோம் என்பது அவர்களுக்குத் தெரியாது. அவர்களுக்கு எதிரே உட்கார்ந்து, கயிற்றைப் பிடித்துத் திசை திருப்பி, தாளம் சொல்லி, வேகம் சொல்லிப் படகை நடத்துவது இந்த ஐந்தாவது ஆள்தான். துடுப்புப் போடாமல் சுமையாக மட்டும் இருப்பவர் என்பதால் எடை குறைவான ஒருவரைத்தான் அந்த இடத்தில் வைப்பார்கள். பாலித் பாபு ஒருநாள் படிக்கட்டில் சித்தியை நிறுத்தி எடை என்ன என்று ஆங்கிலத்தில் கேட்டார். ஏதோ மருத்துவப் படிவத்துக்காக என்று நினைத்து அவள் நாற்பத்தொரு கிலோ என்றாள். மறுநாள் அறிவிப்புப் பலகையில் அவள் பெயர் இருந்தது. மாட்டேன் என்று சொல்ல யாரிடம் போக வேண்டும், எந்த மொழியில் சொல்ல வேண்டும் என்று தெரியாததால் ஏரிக்குப் போக ஆரம்பித்தாள். பிற்காலத்தில் அவளே இப்படித்தான் சொன்னாள்.

சேர்ந்துவிட்டாளே தவிரக் குரல் வரவில்லை. நீ வாயைத் திறக்காவிட்டால் இந்தப் படகுக்குக் கண் இல்லை என்று பாலித் பாபு சொல்லியிருக்கிறார். எனவே மாலை நேரங்களில் எங்கள் அறையில் பயிற்சி நடந்தது. அம்மா துணி உலர்த்தும் கம்பை நான் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்து இழுப்பேன், சித்தி எதிரே உட்கார்ந்து கட்டளை போடுவாள். அவளுக்கு வங்காளி கற்றுக்கொடுத்ததும் நான்தான். அதில் ஒரு தவறு செய்தேன். பெரியவர்களிடம் எப்படிப் பேச வேண்டும் என்று எனக்குச் சொல்லித் தந்திருந்தார்களோ அதே மரியாதைச் சொற்களை அவளுக்கும் சொல்லிக்கொடுத்தேன். "டானோ" என்றால் இழு. நான் கற்றுக்கொடுத்தது "டானுன்", அதாவது தயவுசெய்து இழுங்கள். முதல் நாள் சித்தி ஏரி நடுவில் அப்படிச் சொன்னதும் நான்கு பெண்களும் துடுப்பைப் போட்டுவிட்டுச் சிரித்தார்களாம். சித்தி சொல்லை மாற்றிக்கொள்ளவில்லை. கடைசிவரை மரியாதையாகவே இழுக்கச் சொன்னாள், அவர்களும் அதற்குப் பழகிவிட்டார்கள்.

அந்த நால்வரில் சித்திக்கு நேர் எதிரே உட்காருகிறவள் சோமா. அந்த இடத்துக்கு "ஸ்ட்ரோக்" என்று பெயர். அவள் கை போகிற வேகத்தில்தான் மற்ற மூன்று கைகளும் போக வேண்டும். சோமா உயரமான பெண், மினிபஸ் ஓட்டுநரின் மகள், அதிகம் சிரிக்காதவள். அந்த வருடம் அவளுக்குக் கடைசி வருடம். குளிர்காலம் தொடங்குமுன் நடக்கும் பல்கலைக்கழகங்களுக்கு இடையிலான போட்டியைப் பார்க்க மாநில அணிக்கு ஆள் எடுப்பவர்கள் வருவார்கள் என்றும், அதில் இடம் கிடைத்தால் விளையாட்டு ஒதுக்கீட்டில் ஒரு வேலை கிடைக்கும் என்றும் சொல்லிக்கொண்டார்கள். சோமா அதை நம்பித்தான் இரண்டு வருடங்களாக விடியலுக்கு முன்பே பஸ் பிடித்து வந்துகொண்டிருந்தாள்.

போட்டி ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை நடந்தது. மார்க்கெட்டுக்குப் போவதாகச் சொல்லிவிட்டு அம்மா காய்ப் பையோடு என்னையும் ஏரிக்குக் கூட்டிப்போனாள். கரையில் மரத்தடியில் நின்றோம். மூன்று படகுகள். ஆரம்பத்தில் எங்களுடையது மூன்றாவதாக வந்தது, பாதி தூரத்தில் இரண்டாவதானது, பிறகு முதல் படகின் பின்பகுதியைத் தொட்டுவிடும் போல நெருங்கியது. தண்ணீருக்கு மேலே சித்தியின் குரல் கேட்டது. அம்மா என் தோளைப் பிடித்து, "இவளா கத்துதா?" என்றாள்.

அப்போதுதான் அது நடந்தது. எல்லைக் கயிற்றுக்கு இன்னும் கொஞ்ச தூரமே இருக்கும்போது சித்தி, "நிறுத்துங்கடீ!" என்று தமிழில் கத்தினாள். நான் சொல்லிக்கொடுத்த எந்தச் சொல்லும் அதில் இல்லை, மரியாதையும் இல்லை. ஆனால் நான்கு துடுப்புகளும் தண்ணீரிலிருந்து எழும்பி அப்படியே நின்றன. படகு தானாகக் கொஞ்ச தூரம் மிதந்து போய் ஓய்ந்தது. மற்ற இரண்டு படகுகளும் அதைத் தாண்டிப் போயின.

சோமாவுக்கு ஏதோ ஆகிவிட்டது என்று பயந்துதான் சித்தி நிறுத்தியிருக்கிறாள். ஆனால் கரைக்கு வந்தபோது சோமா நன்றாகத்தான் இருந்தாள். அவளே இறங்கினாள், அவளே துடுப்பைத் தூக்கி வைத்தாள். பிறகு திரும்பிச் சித்தியிடம் வங்காளியில், எனக்கு ஒன்றுமில்லை, என் இரண்டு வருடத்தை நீ தண்ணீரில் போட்டுவிட்டாய் என்றாள். சித்திக்கு அது முழுவதும் புரிந்திருக்காது. எனக்குப் புரிந்தது. ஆனால் நான் அதை மொழிபெயர்க்கவில்லை. பாலித் பாபு குடையைச் சுருக்கி விரித்துக்கொண்டு நின்றார்.

அன்று மாலையே அப்பாவுக்கும் தெரிந்துவிட்டது. கீழ்வீட்டுக்காரர் கோஷ் காக்கு தினமும் ஏரியைச் சுற்றி நடப்பவர், உங்கள் மைத்துனியின் குரல் அக்கரை வரைக்கும் கேட்கிறது என்று படிக்கட்டில் அப்பாவிடம் பாராட்டாகவே சொல்லியிருக்கிறார். அப்பா சட்டையைக்கூடக் கழற்றாமல் நாற்காலியில் உட்கார்ந்து, நீந்தத் தெரியுமா என்று மட்டும் சித்தியைக் கேட்டார். ஊர்க் கிணற்றில் நீந்தியிருப்பதாக அவள் சொன்னாள்.

"கெணறும் இதுவும் ஒண்ணா? ஏதாவது ஆச்சுன்னா ஊருல மாமாவுக்கு நான்லா பதில் சொல்லணும். இதோட போதும்."

அதோடு வாக்கிங்கும் நின்றது. துணிக் கம்பு பழையபடி பால்கனிக்குப் போனது.

போட்டி முடிந்து நான்காம் நாள் சோமாவை மருத்துவமனையில் சேர்த்திருப்பதாகத் தகவல் வந்தது. டெங்கு. ஒரு வாரத்துக்கு மேல் படுக்கையில் இருந்தாள். போட்டியன்று காலையிலேயே காய்ச்சல் தொடங்கியிருக்கலாம் என்று மருத்துவர் சொன்னாராம், இல்லாமலும் இருக்கலாம் என்றும் அவரே சொன்னாராம். சித்தி பார்க்கப் போகவில்லை. போனால் தான் சொன்னது சரியாகிவிட்டது என்று காட்டப் போனதுபோல் இருக்கும் என்று அம்மாவிடம் சொன்னாள்.

ஒரு மாதம் கழித்து, அப்பா வீட்டில் இருந்த ஒரு சனிக்கிழமை மதியம் சோமாவே வந்தாள். ஆள் பாதியாகியிருந்தாள். மூன்று மாடி ஏறி வந்ததில் மூச்சு வாங்கியது. அம்மா தண்ணீர் கொடுத்தாள். சோமா அப்பாவுக்கு வணக்கம் சொல்லிவிட்டு, சித்தியைப் பார்த்து ஒரே ஒரு கேள்வி கேட்டாள். நான்தான் அதைத் தமிழில் சொன்னேன்.

"அன்னிக்கு என் முகத்துல நீ என்ன பாத்தேன்னு கேக்காங்க சித்தி."

சித்தி தரையைப் பார்த்தபடி சொன்னாள்.

"ஒண்ணும் பாக்கலை. எப்பவும் என் கண்ணையேதான் பாத்துட்டு இருப்பாங்க. அன்னிக்குக் கண்ணு என் மேலதான் இருந்துச்சு, ஆனா என்னைப் பாக்கலை. அவ்வளவுதான்."

இதை வங்காளியில் சொல்ல எனக்குக் கஷ்டமாக இருந்தது. இரண்டு முறை முயன்றேன். சோமா கேட்டுவிட்டுத் தலையை ஆட்டினாள். கடைசி இருபது முப்பது இழுப்பு தனக்கு நினைவே இல்லை என்றாள். சித்தி கத்திய சொல் என்னவென்று தனக்குத் தெரியாது, கை மட்டும் நின்றுவிட்டது என்றாள். தேர்வு எழுத முடியாமல் போனதால் தனக்கு இன்னும் ஒரு வருடம் பாக்கி இருப்பதாகவும், அடுத்த வருடமும் இதே பெண் எதிரே உட்கார்ந்தால்தான் துடுப்பைத் தொடுவேன் என்று பாலித் பாபுவிடம் சொல்லிவிட்டு வந்திருப்பதாகவும் சொன்னாள். இந்தக் கடைசிப் பகுதியை அவள் அப்பாவைப் பார்த்துச் சொன்னாள். அலுவலகத்தில் பல வருடம் பழகிய அப்பாவுக்கு மொழிபெயர்ப்புத் தேவைப்படவில்லை. அவர் செய்தித்தாளை மடித்துக்கொண்டு உள்ளே போய்விட்டார்.

சோமா போன பிறகு அப்பா அடுக்களை வாசலில் வந்து நின்று, அம்மாவிடம்தான் பேசினார். "எனக்கும் சுகர் இருக்குன்னு டாக்டர் நடக்கச் சொல்லுதாரு. காலையில எத்தன மணிக்குப் போகணும்னு கேட்டுச் சொல்லு."

அடுத்த ஒரு வருடம் அப்பாவும் சித்தியும் இருட்டோடு கிளம்பிப் போனார்கள். அவர் ஏரியை ஒரு சுற்றுச் சுற்றிவிட்டுப் படகுத்துறையில் உட்கார்ந்திருப்பார். மறு வருடப் போட்டியில் அவர்கள் படகு இரண்டாவதாக வந்தது. ஆள் எடுப்பவர்கள் யாரையும் எடுக்கவில்லை. சோமா ஒரு பள்ளியில் உடற்பயிற்சி ஆசிரியையாகச் சேர்ந்தாள். சித்தி படிப்பு முடிந்து ஊருக்குப் போய், இப்போது திருநெல்வேலியில் ஒரு கல்லூரியில் துறைத் தலைவி. வகுப்பில் கடைசி வரிசைக்கும் அவள் பாடம் கேட்கிறது என்று மாணவர்கள் சொல்கிறார்கள்.

நான் கல்கத்தாவிலேயே இருந்துவிட்டேன். ஏரியில் இப்போதும் காலையில் படகுகள் போகின்றன. காக்ஸின் நெற்றியில் ஒரு பட்டை, அதில் சின்ன மைக், ஒவ்வொரு இருக்கைக்கும் கீழே ஒலிபெருக்கி. கரையில் நிற்பவருக்கு ஒன்றும் கேட்பதில்லை. பவானிபூர்க் கட்டடம் இடிக்கப்பட்டுவிட்டது. பல்கலைக்கழகம் ஊருக்கு வெளியே போய்விட்டது. சென்ற மாதம் ஒரு தேர்வுப் பணிக்காக அங்கே போயிருந்தேன். நிஜமான மைதானம் இருக்கிறது, விளக்குக் கம்பங்கள் இருக்கின்றன. கூடைப்பந்து, கிரிக்கெட், உடற்பயிற்சிக் கூடம் எல்லாம் உண்டு. விளையாட்டு அலுவலகத்தில் இருந்த இளம் பெண்ணிடம் படகு அணியைப் பற்றிக் கேட்டேன். அப்படி ஒன்று இருந்ததா என்று அவள் வியந்தாள். பிறகு என் முகத்தைப் பார்த்துவிட்டு, பழைய ஆண்டறிக்கைகளைக் கணினியில் தேடி எடுத்துக் கொடுத்தாள். சித்தி படகை நிறுத்திய வருடத்துக்கு எதிரே ஒரே வரி இருந்தது: பெண்கள் நால்வர் படகு, போட்டியை முடிக்கவில்லை.

அன்று மாலை சித்திக்குத் தொலைபேசியில் அதைப் படித்துக் காட்டினேன்.

"சரியாத்தான எழுதியிருக்காங்க," என்றாள். பிறகு, "பேரெல்லாம் போட்டிருக்கா?" என்று கேட்டாள்.

பெயர் எதுவும் இல்லை, படகு என்று மட்டும்தான் இருக்கிறது என்றேன். பிறகு, படகின் முனையிலிருந்து தன் எதிர் இருக்கை வரை வரிசை பிசகாமல், நிதானமாக, ஒவ்வொரு பெயராகச் சொன்னாள்: ரூபா, தபதி, மௌஷுமி, சோமா. தன் பெயரை அவள் சொல்லவில்லை.

நான் ஐந்தையும் எழுதிவைத்தேன்.