பக்கவாட்டில் இறங்கிய தோணி

காலை 6.20. சம்மாந்துறையிலிருந்து கல்முனைக்குடிக் கடற்கரை பத்துக் கிலோமீற்றருக்குச் சற்றுக் கூட. ஓட்டோவுக்கு முந்நூற்றைம்பது ரூபாய் பேசினேன். யுத்தம் முடிந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. காரைதீவுச் சந்தியில் இறக்கி, பையைத் திறக்கச் சொன்னார்கள். உள்ளே ஒரு திசைகாட்டி, சுருள்வில்லால் பாரம் அளக்கும் ஒரு விற்றராசு. நான் பௌதிகவியல் ஆசிரியன் என்று சிப்பாய்க்கு விளங்கவைக்கப் பத்து நிமிடம் போனது.

என்னை அழைத்தது ஓர் அலுவலகம். பெயர் வேண்டாம். சுனாமிக்குப் பிறகு அந்தக் கரையில் இரும்பு வடக்குத் தெற்காகக் கிடந்தால் தன் பாரத்தை இழக்கிறதாம். தன்னோடு கட்டிய பொருளின் பாரத்தையும் இழக்கச் செய்கிறதாம். கிழக்கு மேற்காகத் திருப்பினால் பாரம் இரட்டிப்பாகிறதாம். அளந்து பார்த்து, கரை தொழிலுக்கு உகந்ததல்ல என்று எழுதித் தரவேண்டும் என்றது கடிதம். காந்தம் வேறு, புவியீர்ப்பு வேறு என்று இருபது வருடம் படிப்பித்தவன் நான். வாசித்ததும் எரிச்சல்தான் வந்தது.

ஓட்டோ ஓட்டிய நசீர் காக்கா சுனாமிக்குப் பின் இறந்தவர்களுக்குக் கபுறு வெட்டியவர்களில் ஒருவர். கபுறு என்றால் எங்களுக்கு வடக்கே தலை. வெட்டிக் களைத்தவர்கள் மண் நெம்பும் இரும்பு அலவாங்கைக் குழியோரம் நீளவாக்கில் போட்டிருக்கிறார்கள். திரும்ப எடுத்தால் ஈர்க்கில் மாதிரி வந்திருக்கிறது. மௌத்தானவர்களின் கறாமத்து, அவர்கள் காட்டும் அற்புதம் என்று நினைத்து நேர்ச்சைக்குக் கொடியும் கட்டிவிட்டார்கள். எங்கோ ஒரு மேசன் கம்பியை வெறும் மணலில் வடக்கே போட்டுத் தூக்கிய பிறகுதான் விசயம் கபுறில் இல்லை, திசையில் என்று தெரிந்ததாம். எங்கள் ஆட்களுக்கு மட்டுமே வரக்கூடிய பிழை. காக்கா சொல்லிச் சிரித்தார்.

7.30. காக்காவின் ஓட்டோவில் கிடந்த இரண்டு கிலோ சுத்தியலை வாங்கி விற்றராசில் கிடையாகத் தொங்கவிட்டேன். வடக்கே திருப்பினால் இருநூறு கிராம், கிழக்கே திருப்பினால் நான்கு கிலோ. மூன்று முறை அளந்தேன். நாசமாய்ப் போக, மூன்று முறையும் அதேதான்.

8.15. ஹிதாயா ராத்தாவைக் கண்டது அப்போதுதான். ராத்தா என்றால் எங்களில் அக்கா. கணவனையும் இரண்டு தம்பிமாரையும் கடல் கொண்டுபோனது. மிஞ்சியது ஒரு தோணியும் ஒரு பாடும். பாடு என்பது கரைவலை வளைக்கும் உரிமையுள்ள கரைத்துண்டு. உரியவரின் முறை நாளில் நண்பகல் லுஹர் தொழுகையின் பாங்குக்கு முன் தோணி இறங்காவிட்டால் பாடு கைவிடப்பட்டதாகக் கணக்கு. இன்று அவர் முறை. முன்பு இருபது பேர் தள்ளிய தோணிக்கு இப்போது ஆறு ஆண்களும் அவரும்தான். பெண்பிள்ளைக்குக் கரையில் என்ன வேலை என்று கதைத்தவர்களிடம், அப்ப நீங்க வந்து தள்ளுங்க என்றாராம். ஒருவரும் வரவில்லை.

கடல் சாய்த்த மின்கம்பத்தின் இரும்பைத் தோணியின் அடியில் நீளமாகக் கட்டியிருந்தார்கள். ஊரெல்லாம் தோணி மூக்கால் இறங்கும். இவர்களுடையதை வடக்கே திருப்பி, நண்டு மாதிரிப் பக்கவாட்டில் தள்ளித்தான் இறக்குகிறார்கள்.

10.05. என்னை அழைத்த அலுவலகத்தின் அலுவலர் உழவு இயந்திரத்தோடு வந்தார். மின்கம்பம் அரசாங்கச் சொத்து என்று இரும்பை அவிழ்த்து ஏற்றினார். இழுத்த இழுப்பில் மூக்கு கடல் பக்கம் திரும்பி, தோணி மணலில் அமர்ந்துவிட்டது. ஏழு பேரும் தோள் கொடுத்தும் ஓர் அங்குலம் அசையவில்லை. "இப்ப எழுதலாம்தானே சேர்" என்று அலுவலர் என்னைப் பார்த்துச் சிரித்தார். அந்தச் சிரிப்பு எனக்குப் பிடிக்கவே இல்லை.

ராத்தா அவரோடு வாதாடவில்லை. பாங்குக்கு இன்னும் எவ்வளவு நேரம் என்று என்னிடம் கேட்டார். இரண்டு மணித்தியாலம் என்றேன். சுத்தியலைத் தரச் சொன்னார். முப்பது மீற்றர் தள்ளி அவர் வீடு இருந்த இடம். கடலுக்குக் கிட்ட என்று திரும்பக் கட்ட விடவில்லை. சுவர் இல்லை, அத்திவாரம் மட்டும். அதன் கொங்கிரீற்றை உடைக்கத் தொடங்கினார். உள்ளே கம்பி. சத்தம் கேட்டு அயலவர்கள் அலவாங்குகளோடு வந்தார்கள். பெண்பிள்ளைக்குக் கரையில் என்ன வேலை என்று கதைத்தவர்களில் இரண்டு பேரும் வந்தார்கள். நானும் சப்பாத்தைக் கழற்றினேன். நடுநிலையாவது மண்ணாவது!

பதினொரு கம்பிகளை நிமிர்த்தித் தோணியில் கட்டினோம். வடக்கே திருப்புவதுதான் கஷ்டம். நெம்பி நெம்பி அரை மணித்தியாலம். மூக்கு வடக்கைத் தொட்டதும் என் தோளில் இருந்த பாரம் சட்டென்று போய்விட்டது. பிஸ்மி சொல்லித் தள்ளினோம். 11.50க்குத் தோணி தண்ணீரில்.

அலுவலர் படிவத்தை நீட்டினார். கருவிகளின் அளவுகளை எழுதினேன். கடைசிக் கட்டத்தில் 'பாடு பாவனையில் உள்ளது, தொழில் நடக்கிறது' என்று எழுதி ஒப்பமிட்டேன். கேட்டது இது இல்லையே என்றார். கண்டது இதுதான் என்றேன். எங்கள் ஊரில் இரும்பு எப்பக்கம் திரும்பினாலும் அதே பாரம்தான். அங்கே இருந்துகொண்டு கேட்டதை எழுதிக்கொடுப்பது லேசு. இந்தக் கரையில் என் கை அதற்கு வரவில்லை.

அவருடைய கோபம் ராத்தாவின் பக்கம் திரும்பியது. அனுமதி இல்லாத கம்பி, நாளைக்கு வந்து இதையும் எடுப்போம் என்றார். ராத்தா இடுப்பளவு நனைந்து நின்றார்.

"எடுங்க சேர். அத்திவாரம் இன்னும் பாதி கிடக்கு."